நம்ம தெரு கேமராவை யார் யாரெல்லாம் பார்க்கிறாங்க? ஐபி கேமராவின் கதை

(எபிசோடின் எழுத்து வடிவம். வாசிக்க வசதியாகக் கொஞ்சம் சுருக்கித் திருத்தப்பட்டது.)

இன்னைக்கு நாம பேசப்போறது, நீங்க தினமும் பத்து தடவையாவது கடந்து போற, ஆனா ஒரு தடவைகூட நின்னு பார்க்காத ஒரு பொருளைப் பத்தி. அபார்ட்மென்ட் கேட்ல இருக்கும். மருந்துக் கடை கல்லாவுக்கு மேல இருக்கும். தெருமுனைக் கம்பத்துல இருக்கும். வெள்ளையா, குட்டி டார்ச் லைட் மாதிரி, அசையாம ஒரே பக்கத்தைப் பார்த்துக்கிட்டே இருக்கும். நம்ம ஊர்ல அதுக்கு ஒரே பேர்தான்: சிசிடிவி. க்ளோஸ்டு சர்க்யூட் டெலிவிஷன். மூடிய சுற்றுத் தொலைக்காட்சி.

இந்தப் பேர்ல ஒரு வேடிக்கை இருக்கு. நீங்க ஆபீஸ்ல உட்கார்ந்துக்கிட்டு, வீட்டு வாசல்ல கூரியர்காரர் வந்துட்டாரான்னு போன்ல பார்க்கிறீங்கன்னா, அந்தக் கேமரா மூடிய சுற்றுல இல்லை. அது உலகத்தோட மிகப் பெரிய திறந்த வலைப்பின்னல்ல இருக்கு. பேர் மட்டும் பழசு. அந்தச் சுற்று எப்போ திறந்தது, திறந்ததால நமக்குக் கிடைச்சது என்ன, போனது என்ன? இதுதான் இன்னைக்கு எபிசோட். வாங்க, முதல்ல 1942-க்குப் போவோம்.

ராக்கெட்டும் படுக்கையறையும்

இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த காலம். ஜெர்மனியின் வடக்குக் கடற்கரையில் பீனமுண்டே என்ற இடத்தில் வி-2 ராக்கெட்டைச் சோதித்துக்கொண்டிருந்தார்கள். பின்னாளில் லண்டன் மேலும் ஆன்ட்வெர்ப் மேலும் விழுந்த அதே ஆயுதம்தான். சோதனையில் ராக்கெட் ஏவுதளத்திலேயே வெடிக்கலாம், பக்கத்தில் நின்று பார்த்தால் உயிர் போய்விடும். அதனால் கேமராவை ஏவுதளத்துக்கு அருகில் வைத்து, கேபிள் இழுத்து, பாதுகாப்பான தூரத்தில் இருந்த திரையில் பார்த்தார்கள். இந்த ஏற்பாட்டை அமைத்த பொறியாளர் வால்டர் ப்ரூக். சிசிடிவியின் கதையை வழக்கமாக இங்கிருந்துதான் தொடங்குவார்கள்.

அந்த ப்ரூக் பேரை ஞாபகம் வெச்சுக்கோங்க. 1960-களில் 'பால்' என்ற வண்ணத் தொலைக்காட்சி முறையை உருவாக்கியவரும் அவர்தான். நம்ம தாத்தா பாட்டி வீட்டுக் கலர் டிவி ஓடினது அந்த முறையிலதான். பழைய அனலாக் கேமராக்கள் நம்ம ஊர்ல படம் அனுப்பினதும் அதே முறையிலதான்.

அடுத்து நியூயார்க். குவீன்ஸ் பகுதியில் வசித்த மேரி வான் பிரிட்டன் பிரவுன் ஒரு நர்ஸ். அவருக்கும் கணவருக்கும் வேலை நேரம் ஒன்றாக அமையாது, பல இரவுகள் வீட்டில் தனியாக இருக்க வேண்டியிருந்தது. போலீஸைக் கூப்பிட்டால் வந்து சேர நேரமாகும். 1966-ல் அவரும், எலெக்ட்ரானிக்ஸ் டெக்னீஷியனான கணவர் ஆல்பர்ட்டும் ஒரு காப்புரிமைக்கு விண்ணப்பித்தார்கள். 1969-ல் அது கிடைத்தது. கதவில் வெவ்வேறு உயரங்களில் துளைகள், அவற்றின் பின்னால் மேலும் கீழும் நகரும் கேமரா, படுக்கையறையில் ஒரு திரை, வந்தவரிடம் பேச மைக், கதவை ரிமோட்டில் திறக்கும் வசதி, ஆபத்து என்றால் அழுத்த ஒரு பட்டன். இன்னைக்கு நாம காசு கொடுத்து வாங்குற வீடியோ டோர்பெல்லோட ஃபீச்சர் லிஸ்ட் கிட்டத்தட்ட இதுதான்!

இந்த இரண்டு கதையிலும் பொதுவான ஒன்று உண்டு. கேமராவிலிருந்து கிளம்புகிற கம்பி ஒரே ஒரு திரையில் போய் முடிகிறது. அந்தத் திரை எந்த அறையில் இருக்கிறது, அந்த அறையின் சாவி யாரிடம் இருக்கிறது என்பது தெரியும். திருட்டுத்தனமாகப் பார்க்க வேண்டுமானால் அந்த அறைக்குள் போக வேண்டும், இல்லையென்றால் கம்பியை வெட்டி இணைப்பு எடுக்க வேண்டும். 'மூடிய' என்ற சொல்லுக்கு அர்த்தம் இதுதான்.

இந்த அமைப்பு நகரத் தெருக்களுக்கு வந்ததில் பிரிட்டன் முன்னால் நின்றது. 1985-ல் போர்ன்மவுத் கடற்கரை நகரத்தில் பொது இடத்தில் பெரிய அளவில் கேமராக்கள் வந்தன. 1993 பிப்ரவரியில் லிவர்பூல் அருகே ஒரு ஷாப்பிங் சென்டரிலிருந்து இரண்டு வயதுக் குழந்தையை இரண்டு சிறுவர்கள் கையைப் பிடித்து அழைத்துப் போகும் மங்கலான படம் நாடு முழுக்கத் திரும்பத் திரும்பக் காட்டப்பட்டது. அந்தக் குழந்தை கொல்லப்பட்டது. கேமரா பார்த்தது, ஆனால் தடுக்கவில்லை. பார்த்தது போதவில்லை, அதனால் இன்னும் நிறைய கேமரா வேண்டும் என்ற முடிவுக்கே சமூகம் வந்தது. அந்த விவாதத்துக்குக் கடைசியில் திரும்பி வருவோம்.

காபிக்காக ஒரு கேமரா

இப்போ கதை அப்படியே வேற பக்கம் திரும்புது. கேமராவையும் கம்ப்யூட்டர் நெட்வொர்க்கையும் சேர்த்து வெச்சவங்க போலீஸும் இல்லை, ராணுவமும் இல்லை. காபி கிடைக்காம கடுப்பான ஆராய்ச்சியாளர்கள்!

1991, கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் கணினி ஆய்வகம். 'ட்ரோஜன் ரூம்' என்ற அறைக்கு வெளியே ஒரு காபி மெஷின். ஆய்வாளர்கள் அந்தக் கட்டடத்தின் வெவ்வேறு பகுதிகளில் உட்கார்ந்திருப்பார்கள். படி ஏறி இறங்கி வந்து பார்த்தால் ஜாடி காலி. குவென்டின் ஸ்டாஃபோர்ட்-ஃப்ரேசர், பால் ஜார்டெட்ஸ்கி என்ற இருவர் ஒரு கேமராவை ஸ்டாண்டில் மாட்டி ஜாடியை நோக்கித் திருப்பினார்கள். அதை ஒரு ஏகார்ன் கம்ப்யூட்டரோடு இணைத்து, ஆய்வகத்தின் உள் நெட்வொர்க்கில் யார் வேண்டுமானாலும் ஜாடியைப் பார்க்கும்படி ஒரு சின்ன நிரல் எழுதினார்கள். படத்தின் அளவு 128-க்கு 128, கறுப்பு வெள்ளை. நிமிடத்துக்குச் சுமார் மூன்று படம்.

காபி ஜாடிக்கு அது தாராளம். ஜாடி ஓடப் போறதில்லை, மெதுவாத்தான் நிறையும்.

1993 நவம்பரில் டேனியல் கோர்டன், மார்ட்டின் ஜான்சன் என்ற இன்னும் இருவர் இதை வைய வலையில் இணைத்தார்கள். அன்றிலிருந்து அந்த ஜாடியை உலகத்தில் எவர் வேண்டுமானாலும் பார்க்கலாம் என்றானது. லட்சக்கணக்கானவர்கள் பார்த்தார்கள். 2001 ஆகஸ்ட் 22 அன்று கேமராவை நிறுத்தியபோது அது செய்தியாகவே வந்தது. அந்த மெஷினை ஜெர்மனியின் டெர் ஷ்பீகல் பத்திரிகையின் இணையதளம் ஏலத்தில் 3,350 பவுண்டுக்கு வாங்கியது.

இதை வெறும் ஜாலியான கதையா நானும் பல இடத்துல கேட்டிருக்கேன். ஆனா இதுல நடந்த ஒரு விஷயத்தைக் கவனிங்க. 1991-ல் அந்தக் கேமராவைப் பார்த்தவர்கள் அந்தக் காபியைக் குடிப்பவர்கள் மட்டும்தான். 1993-ல் நடந்தது, அந்தப் படத்தை வைய வலையில் இணைத்தது மட்டும்தான். பார்ப்பவர்கள் உலகம் முழுக்க ஆகிவிட்டார்கள். காபி ஜாடிக்கு இதனால் ஒரு நஷ்டமும் இல்லை. ஜாடி இருந்த இடத்தில் ஒரு குழந்தையின் தொட்டிலை வைத்துப் பாருங்கள்.

லுண்டில் ஒரு பிரின்டர் கம்பெனி

காபி கேமராவுக்கு ஒரு முழுக் கம்ப்யூட்டர் பக்கத்தில் தேவைப்பட்டது. அந்தக் கம்ப்யூட்டரைக் கேமராவின் உடலுக்குள்ளேயே வைத்துவிட்டால்? அதைச் செய்தது ஸ்வீடனின் லுண்ட் நகரத்திலிருந்த ஆக்ஸிஸ் கம்யூனிகேஷன்ஸ். 1984-ல் தொடங்கிய இந்த நிறுவனம் பிரின்டர்களை நெட்வொர்க்கில் இணைக்கும் பெட்டிகளைத்தான் விற்றுக்கொண்டிருந்தது. ஒரு பிரின்டருக்கு ஐபி முகவரி கொடுக்கத் தெரிந்தவர்களுக்குக் கேமராவுக்கும் கொடுக்க முடியும் இல்லையா? 1996-ல் மார்ட்டின் கிரேனும் கார்ல்-ஆக்ஸல் ஆல்மும் சேர்ந்த அணி நெட்ஐ 200 என்ற கேமராவைக் கொண்டுவந்தது. முதல் ஐபி கேமரா என்று சொல்லப்படுவது இதுதான்.

அதோட வேகத்தைக் கேட்டா சிரிப்பீங்க. சின்ன அளவுப் படம்னா விநாடிக்கு ஒண்ணு. பெரிய படம்னா 17 விநாடிக்கு ஒண்ணு! 17 விநாடியில ஒரு திருடன் வந்து, பையை எடுத்து, டீ வேணுமான்னு கேட்டுட்டே போயிடலாம். பாதுகாப்புத் துறைக்காரர்கள் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. சுற்றுலாத் தலத்தின் வானிலையைக் காட்டுவது போன்ற வேலைகளுக்குத்தான் முதலில் சரிப்பட்டது.

அந்தக் காலத்து நிஜமான கண்காணிப்பு எப்படி நடந்தது? ஒவ்வொரு கேமராவிலிருந்தும் தனித்தனி கோஆக்சியல் கேபிள். எல்லாம் ஒரு அறைக்கு வரும். அங்கே வீடியோ கேசட்டில் பதிவாகும். கேசட் சீக்கிரம் தீர்ந்துவிடக் கூடாதென்று படங்களை விட்டுவிட்டுப் பதிவு செய்வார்கள். அதே கேசட்டைத் திரும்பத் திரும்ப அழித்துப் பயன்படுத்தினால் படம் தேய்ந்துபோகும். 'கொள்ளைக்காரர் உருவம் கேமராவில் பதிவானது, ஆனால் அடையாளம் தெரியவில்லை' என்ற செய்தி அத்தனை முறை வந்ததற்கு இதுவும் ஒரு காரணம்.

1999-ல் ஆக்ஸிஸ் தனக்கென ஒரு சிப்பைத் தயாரித்து, லினக்ஸ் ஓடும் கேமராவை விற்றது. அதே ஆண்டு ஜெர்மனியில் மோபோடிக்ஸ் தொடங்கியது. அவர்களுடைய வழி இன்னும் ஒரு படி மேலே போய், எப்போது பதிவு செய்வது என்று முடிவெடுக்கும் வேலையையும் கேமராவுக்குள்ளேயே வைத்தது. லினக்ஸ் ஓடுகிறது, முடிவு எடுக்கிறது என்றால் அது இனிமேல் கேமரா மட்டும் இல்லை. லென்ஸ் மாட்டிய கம்ப்யூட்டர். என்னைப் பொறுத்தவரை இந்தக் கதையின் உண்மையான திருப்பம் இதுதான்.

அசையாம இருக்கிறதுல என்ன லாபம்?

அடுத்த பத்து வருடத்தில் மூன்று சாதாரண முடிவுகள் ஐபி கேமராவைத் தெருவுக்குக் கொண்டுவந்தன. மூன்றும் பத்திரிகையின் முதல் பக்கத்தில் வந்த விஷயங்கள் இல்லை.

முதலாவது மின்சாரம். 2003-ல் வந்த ஒரு தரநிலை, ஈதர்நெட் கேபிளிலேயே 15.4 வாட் வரை மின்சாரம் அனுப்ப வழி செய்தது. நம்ம எலெக்ட்ரீஷியன்கள் 'பிஓஇ ஸ்விட்ச்'னு சொல்றது இதைத்தான். கேமரா பக்கத்துல தனி பிளக் பாயின்ட் வேண்டாம். தரவும் கரண்ட்டும் ஒரே கேபிள்ல போயிடும். ஸ்விட்சுக்கு ஒரு யுபிஎஸ் போட்டா, கரண்ட் கட் ஆனாலும் அத்தனை கேமராவும் ஓடும்.

இரண்டாவது சுருக்கம். 1080பி படத்தைச் சுருக்காமல் விநாடிக்கு 25 படம் அனுப்பினால் சுமார் 622 மெகாபிட் வரும். அதே 2003-ல் வந்த ஹெச்.264 முறை அதை 4 மெகாபிட் அளவுக்குக் கொண்டுவர உதவியது. எப்படி? ஒவ்வொரு படத்தையும் முழுசாக அனுப்பாமல், முந்தைய படத்திலிருந்து மாறியதை மட்டும் அனுப்புவதால்.

நிலையான கேமராவின் அருமை இங்கேதான் தெரியும். அது அசையாததால் சுவரும் கேட்டும் மரமும் எல்லாப் படத்திலும் அதே இடத்தில் இருக்கும். மாறுவது நடந்து போகும் மனிதர் மட்டும். அவர் அளவுக்குத்தான் தரவு. சுற்றிச் சுற்றிப் பார்க்கும் பிடிஇசட் கேமரா திரும்பும்போது மொத்தப் படமும் மாறிவிடும், தரவும் எகிறும். யாராவது உள்ளே வந்தால் எச்சரிக்கும் வேலையும் அசையாத கேமராவுக்குச் சுலபம். பின்னணி இதுதான் என்று தெரிந்தபின் புதிதாக வந்ததைக் கண்டுபிடிப்பது வெறும் கழித்தல் கணக்கு. நகரும் மோட்டார் இல்லாததால் பழுது குறைவு, விலையும் குறைவு.

மூன்றாவது பொது மொழி. 2008-ல் ஆக்ஸிஸ், பாஷ், சோனி மூன்றும் சேர்ந்து ஆன்விஃப் என்ற அமைப்பைத் தொடங்கின. ஒரு கம்பெனியின் கேமராவை இன்னொரு கம்பெனியின் ரெக்கார்டரோடு பேச வைப்பதுதான் நோக்கம். போட்டியாளர்கள் உட்கார்ந்து பொது மொழி பேசினது நமக்கு நல்லது. ஒரே கடையில மாட்டிக்காம கேமராவை மாத்திக்கலாம்.

7.68 மீட்டர் கணக்கு

சரி, குறையைப் பேசுவோம். முதல் குறை எளிய கணிதம்.

கண்காணிப்பு கேமராக்களுக்கான 2014-ஆம் ஆண்டு சர்வதேசத் தரநிலையில் ஒரு அளவுகோல் இருந்தது. படத்தில் யாரோ இருக்கிறார் என்று தெரிய, ஒரு மீட்டர் அகலத்துக்கு 25 பிக்சல் போதும். ஏற்கெனவே தெரிந்த ஆளை 'இவர்தான்' என்று சொல்ல 125 பிக்சல். தெரியாத ஒருவரைச் சந்தேகத்துக்கு இடமில்லாமல் அடையாளம் காட்ட 250 பிக்சல் வேண்டும்.

1080பி கேமராவின் படம் 1,920 பிக்சல் அகலம். 250-ஆல் வகுத்தா 7.68 மீட்டர். அதாவது அந்தக் கேமரா பார்க்கிற காட்சியோட அகலம் 7.68 மீட்டரைத் தாண்டிட்டா, முகத்தை வெச்சு உறுதியா அடையாளம் சொல்ற அளவுக்குப் படம் கிடைக்காது. ஒரு நடுத்தரமான தெருவோட அகலம்தான் அது. 4கே கேமரான்னா இரண்டு மடங்கு, 15.36 மீட்டர். இதெல்லாம் நல்ல வெளிச்சம் இருந்தா. ராத்திரி இன்ஃப்ராரெட் விளக்குல நிறமே தெரியாது. சட்டை சிவப்பா பச்சையான்னு கேட்டா கேமராகிட்ட பதில் இல்லை. அந்த விளக்குக்குப் பூச்சி வரும், பூச்சிக்காகச் சிலந்தி வலை பின்னும், வலை காத்துல ஆடினா 'ஆள் நடமாட்டம்'னு உங்க போன் அலறும்.

சிலர் வளாகம் முழுவதையும் ஒரே கேமராவில் பார்த்துவிட நினைத்து உயரத்தில் அகல லென்ஸ் மாட்டுவார்கள். எல்லாம் தெரியும், யாரென்று மட்டும் தெரியாது. நிலையான கேமராவை வாங்கும்போது இடத்தைவிட முக்கியமான கேள்வி, 'இந்தப் படத்தை வைத்து நான் என்ன சொல்ல வேண்டியிருக்கும்?' என்பதுதான். கேட்டில் முகம் வேண்டுமா, பார்க்கிங்கில் வண்டி இருக்கிறதா என்று தெரிந்தால் போதுமா? இரண்டுக்கும் ஒரே கேமரா ஆகாது. கேமரா எங்கே பார்க்கிறது என்று எல்லோருக்கும் தெரிவதால், பார்க்காத பக்கம் எது என்பதும் தெரிந்துவிடும்.

அடுத்து சேமிப்பு. 4 மெகாபிட் ஓட்டம் ஒரு நாளைக்கு 43.2 ஜிபி. 30 நாளுக்குக் கிட்டத்தட்ட 1.3 டிபி. நான்கு கேமரா என்றால் 5 டிபிக்கு மேல். ஈதர்நெட் கேபிள் 100 மீட்டர் வரைதான் உத்தரவாதம், பழைய கோஆக்சியல் அதைவிடத் தூரம் போகும். நிறைய கடைகளில் இன்னும் கோஆக்சியலும் டிவிஆரும் ஓடிக்கொண்டிருப்பதற்கு விலையோடு இதுவும் ஒரு காரணம்.

வாசலைக் காத்த கேமரா, வாசலைத் திறந்துவிட்ட கதை

இப்போ பெரிய குறைக்கு வருவோம். கேமரா கம்ப்யூட்டர் ஆகிட்டா, கம்ப்யூட்டருக்கு வர்ற எல்லா வியாதியும் அதுக்கும் வரும்.

2012 ஜனவரியில் அமெரிக்காவில் ட்ரெண்ட்நெட் என்ற நிறுவனத்தின் வீட்டுக் கேமராக்களில் ஒரு ஓட்டை வெளியே தெரிந்தது. பாஸ்வேர்டே இல்லாமல் நேரடி ஒளிபரப்பைப் பார்க்க முடிந்தது. கிட்டத்தட்ட 700 கேமராக்களின் இணைப்புகள் இணையத்தில் வெளியாயின. தொட்டிலில் தூங்கும் குழந்தைகள், விளையாடும் பிள்ளைகள், வீட்டுக்குள் நடமாடும் பெரியவர்கள் என்று எல்லாம் அதில் இருந்தது. அமெரிக்காவின் ஃபெடரல் டிரேட் கமிஷன் 2013-ல் நடவடிக்கை எடுத்தது. குழந்தையைப் பாதுகாக்கணும்னு வாங்கி வெச்ச கேமரா அது.

அடுத்தது 2016, மிராய். இது என் மாதிரி மென்பொருள் எழுதுறவங்க எல்லாரும் தெரிஞ்சுக்க வேண்டிய கதை. மிராய் என்ற நிரல் இணையத்தில் முகவரிகளைக் கண்டபடி தட்டிப் பார்க்கும். டெல்நெட் கதவு திறந்திருந்தால், கையில் வைத்திருக்கும் அறுபது சொச்சம் யூசர்நேம், பாஸ்வேர்டு ஜோடிகளைப் போட்டுப் பார்க்கும். எல்லாம் தொழிற்சாலையில் வைத்து அனுப்பியவை. 'அட்மின், அட்மின்' ரகம். உள்ளே போனதும் அந்தக் கருவி ஒரு படையின் சிப்பாய் ஆகிவிடும். கேமராக்கள், டிவிஆர்கள், ரவுட்டர்கள் என்று உச்சத்தில் சுமார் 6 லட்சம் கருவிகள் சிக்கியதாக ஆய்வாளர்கள் பின்னர் கணக்கிட்டார்கள்.

செப்டம்பரில் அந்தப் படை பாதுகாப்புச் செய்தியாளர் பிரையன் கிரெப்ஸின் இணையதளத்தை விநாடிக்குச் சுமார் 620 கிகாபிட் வேகத்தில் தாக்கியது. அந்த மாத இறுதியில் மிராயின் மூல நிரல் வெளியிடப்பட்டது, இனி யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம். அக்டோபர் 21-ல் டின் என்ற டிஎன்எஸ் நிறுவனம் தாக்கப்பட்டது. ட்விட்டர், நெட்ஃப்ளிக்ஸ், ஸ்பாட்டிஃபை, ரெட்டிட் எல்லாம் அமெரிக்காவின் கிழக்குக் கரையில் பல மணி நேரம் தடுமாறின. மிராயை எழுதியவர்கள் மூன்று இளைஞர்கள். மைன்கிராஃப்ட் விளையாட்டு சர்வர் வியாபாரப் போட்டியிலிருந்து கிளம்பிய விவகாரம் அது. 2017 டிசம்பரில் குற்றத்தை ஒப்புக்கொண்டார்கள்.

இதில் என்னை உறுத்துவது வேறு விஷயம். பாதிக்கப்பட்ட கேமராக்களின் உரிமையாளர்களில் பலருக்கு ஒன்றுமே தெரிந்திருக்காது. படம் வழக்கம்போல் வந்துகொண்டிருக்கும். கேமராவை அணைத்துப் போட்டால் நிரல் நினைவகத்திலிருந்து போய்விடும், பாஸ்வேர்டு மாறாததால் சில நிமிடத்தில் திரும்ப ஒட்டிக்கொள்ளும். சில மாடல்களில் உரிமையாளர் பாஸ்வேர்டை மாற்றினாலும் டெல்நெட்டின் பாஸ்வேர்டு மாறாது. அது கருவிக்குள் நிரந்தரமாக எழுதப்பட்டிருந்தது. அங்கே வாங்கியவர் செய்யக்கூடியது எதுவுமே இல்லை.

'பாஸ்வேர்டு மாத்துங்க'ன்னு பயனாளிக்கு அட்வைஸ் பண்றது சுலபம். ஆனா எல்லா டப்பாவுலயும் ஒரே பாஸ்வேர்டு போட்டு அனுப்பலாம்னு ஒரு டிசைன் மீட்டிங்ல யாரோ முடிவு பண்ணியிருக்காங்க. சப்போர்ட் கால் குறையும், பேக்கிங் சுலபம், செலவு மிச்சம். அந்த மிச்சத்தோட செலவை வேற யாரோ கட்டினாங்க.

2021 மார்ச்சில் இன்னொரு விதமாக நடந்தது. வெர்காடா என்ற நிறுவனம் கேமராக்களை கிளவுடில் இணைத்து நிர்வகித்தது. ஒரு 'சூப்பர் அட்மின்' கணக்கின் விவரம் இணையத்தில் கசிந்து கிடந்தது. அதை வைத்து நுழைந்தவர்கள், மருத்துவமனை, பள்ளி, சிறை, டெஸ்லாவின் வளாகம் உட்பட சுமார் 1,50,000 கேமராக்களின் படங்களைப் பார்க்க முடிந்தது என்றார்கள். இங்கே ஒவ்வொரு வீட்டுப் பூட்டும் சரியாக இருந்தும் பயனில்லை. எல்லா வீட்டுக்கும் பொதுவான ஒரு சாவி எங்கோ மாட்டியிருந்தது.

சட்டம் மெதுவாகத்தான் வந்து சேர்ந்தது. கலிஃபோர்னியாவில் 2020 ஜனவரியிலிருந்து இணையக் கருவிகளுக்கான பாதுகாப்புச் சட்டம் அமலுக்கு வந்தது. எல்லாக் கருவிக்கும் ஒரே பாஸ்வேர்டு வைத்து விற்பதை பிரிட்டன் 2024 ஏப்ரலில் தடை செய்தது. இந்தியாவில் 2025 ஏப்ரல் 9 முதல் சிசிடிவி கேமராக்களுக்குப் பாதுகாப்புச் சோதனையும் சான்றிதழும் கட்டாயம். மிராய்க்கும் இதுக்கும் நடுவுல எட்டு வருஷம். அதுக்கு முன்னாடி வாங்கி மாட்டின கேமராக்கள் கம்பத்துல அப்படியேதான் இருக்கு.

குற்றம் குறைஞ்சுதா?

இவ்வளவு ரிஸ்க் இருக்கு, சரி. குற்றமாவது குறையுதா? நேர்மையான பதில்: கொஞ்சம், சில இடங்கள்ல.

பிரிட்டன் உள்துறைக்காக மார்ட்டின் கில்லும் ஆஞ்செலா ஸ்பிரிக்ஸும் 2005-ல் வெளியிட்ட ஆய்வு 13 கேமரா அமைப்புகளை மதிப்பிட்டது. புள்ளியியல் ரீதியாக நம்பத்தக்க அளவில் குற்றம் குறைந்தது இரண்டே இடங்களில். அதிலும் ஒன்றுக்கு வேறு காரணங்கள் இருந்திருக்கலாம். 40 ஆண்டு ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்த 2019-ஆம் ஆண்டு மதிப்பாய்வு, கேமரா உள்ள இடங்களில் குற்றம் சுமார் 13% குறைவதாகச் சொன்னது. வாகன நிறுத்துமிடங்களில் பலன் அதிகம். வன்முறைக் குற்றங்களில் அப்படிக் குறிப்பிடத்தக்க பலன் இல்லை. யோசித்தால் புரியும். வண்டி திருடுகிறவன் யாராவது பார்க்கிறார்களா என்று கணக்குப் போடுவான். கோபத்திலும் போதையிலும் அடிக்கிறவன் கேமராவை எங்கே பார்க்கப் போகிறான்?

ஆனால் நடந்த பிறகு விசாரணைக்குக் கேமரா உதவுகிறது, அதை மறுக்க முடியாது. 2016 ஜூனில் நுங்கம்பாக்கம் ரயில் நிலையத்தில் ஒரு இளம்பெண் கொல்லப்பட்டபோது அந்த நிலையத்தில் கேமரா இல்லை. பக்கத்துத் தெருக்களிலிருந்த கேமராக்களின் பதிவைத்தான் போலீஸ் தேடிப் போக வேண்டியிருந்தது. அதன் பிறகான வருடங்களில் சென்னைப் போலீஸ் 'மூன்றாவது கண்' என்று பெயர் வைத்து, குடியிருப்போர் சங்கங்களையும் கடைக்காரர்களையும் சேர்த்துக்கொண்டு தெருத்தெருவாகக் கேமரா வைத்தது. பயத்தோடு வீடு திரும்புகிற ஒரு பெண்ணுக்கு அந்தக் கம்பத்து விளக்கும் கேமராவும் தருகிற தைரியத்தை நான் லேசாகப் பேச மாட்டேன்.

எனக்கு இருக்கிற கேள்வி கேமரா வைத்த மறுநாளிலிருந்து தொடங்குது. சங்கம் காசு வசூலிச்சு மாட்டிடுச்சு. திறப்பு விழாவும் முடிஞ்சுது. பாஸ்வேர்டு யார்கிட்ட இருக்கு? மாட்டின பையன் இப்போ எந்தக் கம்பெனியில இருக்கான், அவன் போன்ல அந்த ஆப் இன்னும் இருக்கா? ஃபர்ம்வேர் கடைசியா எப்போ அப்டேட் ஆச்சு? எத்தனை நாள் பதிவு நிக்குது? எதிர் வீட்டு ஜன்னல் படத்துக்குள்ள வருதா? கேமரா கடிகாரம் சரியான நேரத்தைக் காட்டுதா? நேரம் ஒரு மணி தள்ளியிருந்தா அந்தப் பதிவு யாரையாவது மாட்டியும் விடலாம், தப்பிக்கவும் விடலாம்.

உங்க அபார்ட்மென்ட் மீட்டிங்ல அடுத்த தடவை 'இன்னும் நாலு கேமரா போடலாம்'னு யாராவது சொன்னா, வேண்டாம்னு சண்டை போடாதீங்க. இந்தக் கேள்விகளைக் கேளுங்க. பதில் சொல்ல ஒருத்தரைப் பொறுப்பா நியமிங்க. கேமராக்களை வீட்டு வைஃபையிலிருந்து தனி நெட்வொர்க்குல போடுங்க. வெளியிலிருந்து நேரா உள்ளே வர்ற மாதிரி ரவுட்டர்ல கதவு திறந்து வைக்காதீங்க. தேவைக்கு மேல ஒரு நாள்கூடப் பதிவு வெச்சுக்காதீங்க.

மேரி பிரவுன் வடிவமைத்த அமைப்பில் கேமராவைப் பார்க்கிற திரை அவர் படுக்கையறையில் இருந்தது. யார் பார்க்கிறார்கள் என்று அவர் யாரையும் கேட்க வேண்டியிருக்கவில்லை. நாம கேட்டுத்தான் ஆகணும். நம்ம கேமராவோட திரை எங்கேயெல்லாம் இருக்குன்னு அந்த வெள்ளை டப்பாவைப் பார்த்தா தெரியாது.

அடுத்த எபிசோடுல சந்திப்போம். உங்க அபார்ட்மென்ட்ல அந்தப் பாஸ்வேர்டு யார்கிட்ட இருக்குன்னு கண்டுபிடிச்சீங்கன்னா எனக்கு எழுதுங்க. பாஸ்வேர்டை மட்டும் எழுதிடாதீங்க.